வலது கைக்கு ஒரு ஆள்

தம்பிக்கு நிச்சயதார்த்தம் என்று நாள் குறித்ததும் எனக்கு வந்த முதல் கவலை நகத்தைப் பற்றியது. வெளியே சொன்னால் சிரிப்பார்கள் என்று சொல்லவில்லை. மாப்பிள்ளைக்கு ஒரே அக்கா நான். பெண்ணுக்குச் சந்தனம் பூசி, குங்குமம் வைத்து, தலையில் பூச்சூட்ட வேண்டியது நான்தான். வீடியோக்காரர் அதையெல்லாம் பக்கத்தில் வந்து எடுப்பார். முகத்துக்கு எவ்வளவு பவுடர் போட்டாலும் படத்தில் பெரிதாகத் தெரியப்போவது என் கைதான். எங்கள் சொந்தத்தில் ஒரு கல்யாண வீடியோவில், நாத்தனார்க்காரியின் கட்டைவிரல் நகத்து மஞ்சள் கறை டிவி அகலத்துக்கு வந்து நின்றதை நானே பார்த்திருக்கிறேன். பார்த்து நான்தான் அதிகம் சிரித்தேன்.

நான் போடியில் வீட்டோடு இருந்து பிளவுஸ் தைக்கிறவள். ஊசியில் கண் மூடி நூல் கோர்ப்பேன். அதனால் நகத்துக்குப் போய் பியூட்டி பார்லர் எதற்கு, நானே போட்டுக்கொள்ளலாம் என்று செல்போனில் வீடியோ பார்த்தேன். மூன்று நிறத்தை நகத்தில் ஒன்றுக்குள் ஒன்று கரைய விடுவது. அடி நகத்தில் வெளிர் நிறம், நுனிக்குப் போகப் போக அடர் நிறம். எது எங்கே முடிந்தது, எது எங்கே தொடங்கியது என்று கண்டுபிடிக்க முடியக்கூடாது. சொல்லிக்கொடுத்த பெண் மூச்சுக்கு மூச்சு “ரொம்ப ஈஸி” என்றாள். அவள் அத்தனை தடவை சொன்னபோதே நான் சந்தேகப்பட்டிருக்க வேண்டும்.

எனக்கு எடுத்திருந்தது இலைப்பச்சைப் பட்டு. அதற்குப் பொருத்தமாக ஃபேன்சி ஸ்டோரில் வெளிர்ப்பச்சை, கிளிப்பச்சை, கரும்பச்சை என்று மூன்று பாட்டில் நெயில் பாலிஷ், அடியில் பூச ஒரு வெள்ளை, மேலே பூச நிறமில்லாத ஒன்று, வாங்கிய கையோடு ஒரு மஞ்சள் பாட்டிலும் எடுத்துக்கொண்டேன். நிறத்தைத் தொட்டு ஒற்றுவதற்கு மேக்கப் ஸ்பான்ஜ் வேண்டும். அது தீர்ந்துவிட்டது என்றார்கள். பாத்திரம் தேய்க்கிற ஸ்பான்ஜை வெட்டிப் பார்த்தேன். அதில் இருந்த ஓட்டையெல்லாம் நகத்தில் பதிந்து, அம்மை போட்டு இறங்கிய மாதிரி ஆனது. வீடு முழுக்க மெத்தென்ற பொருளைத் தேடினேன். கடைசியில் என் வீட்டுக்காரரின் ஹெல்மெட் கண்ணில் பட்டது. உள்ளே, காதோரம், சாம்பல் நிறத்தில், நுணுக்கமான ஸ்பான்ஜ். ஒரு துண்டு எடுத்தால் தெரியவா போகிறது என்று கத்தரிக்கோலை எடுத்தேன்.

நிச்சயத்துக்கு முந்தின நாள், சனிக்கிழமை காலை, வேலையை ஆரம்பித்தேன். நகத்தைச் சுற்றிச் சதையில் வெள்ளைப் பசை தடவிக் காயவிட்டேன். சாயம் வழிந்தாலும் பசையோடு உரித்து எடுத்துவிடலாம். நகத்தில் வெள்ளை பூசினேன். ஸ்பான்ஜை லேசாக நனைத்துப் பிழிந்து, மூன்று பச்சையையும் அடுத்தடுத்துக் கோடு போட்டு, நகத்தின் மேல் ஒற்றி ஒற்றி எடுத்தேன். ஒற்றும்போது கொஞ்சம் மேலே கீழே நகர்த்தினால் நிறங்கள் கலந்துவிடும். மூன்று தடவை ஒற்றி, நிறமில்லாததை மேலே பூசியதும் எனக்கே மூச்சு நின்றது. இடது கையின் ஐந்து நகமும் அத்தனை அழகு. நான் அந்தக் கையை ஜன்னல் பக்கம் நீட்டி நீட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம்தான் வலது கையைப் போட வேண்டும் என்பது நினைவுக்கு வந்தது. போடுவதற்கு மிச்சம் இருந்தது இடது கை.

இடது கைக்கு ஒன்றும் தெரியவில்லை. முப்பத்தி மூன்று வருடமாக அது சும்மா இருந்து தின்றிருக்கிறது என்பது அன்றுதான் எனக்கு விளங்கியது. ஸ்பான்ஜ் நகத்தில் விழாமல் விரல் கணுவில் விழுந்தது. வெளிர் இருக்க வேண்டிய இடத்தில் கரும்பச்சை ஏறியது. அழித்தேன். மறுபடி போட்டேன். மறுபடி அழித்தேன். அழிக்கிறபோது இடது கையில் போட்டதில் ஒன்று கெட்டுப்போய், அதையும் புதிதாகப் போட்டேன். மூன்றாவது தடவை போட்ட பிறகு வலது கை காக்காய் உட்கார்ந்து எழுந்த திண்டு மாதிரி இருந்தது.

நாளைக்குச் சந்தனம் பூசப்போவது வலது கை. குங்குமம், பூ, தட்டு எல்லாமே வலது கை. இடது கையை நீட்டினால் சபையே எழுந்துவிடும். ஊரே பார்க்கப்போகிற கையில் காக்காய் எச்சம், முந்தானைக்குள் ஒளிந்திருக்கப்போகிற கையில் கலை. எனக்கு அழுகையே வந்துவிட்டது. கண்ணைத் துடைக்க முடியவில்லை. பத்து விரலும் ஈரம்.

அந்த நேரத்தில் என் வீட்டுக்காரர் மதியச் சாப்பாட்டுக்கு வந்தார். அவருக்கு ஏலக்காய் மண்டியில் காய் பார்க்கிற வேலை. மலையிலிருந்து வருகிற காயை உள்ளங்கையில் அள்ளி, வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய், பச்சையைப் பார்த்துத் தரம் சொல்வார். காய் பற்றியென்றால் நிறையப் பேசுவார். மற்ற விஷயத்துக்கு ‘உம்’ கொட்டுவார். எங்களுக்குக் கல்யாணமாகி எட்டு வருடம்.

“சோத்தப் போடு, வெரசா போகணும்” என்றார்.

“நீங்களே போட்டுக்கங்க. நகம் காயலை.”

அவர் தட்டை எடுத்து வைத்துவிட்டு என் கைகளைப் பார்த்தார். ஒரு கையை, பிறகு மறு கையை. மண்டியில் பார்க்கிற அதே பார்வை.

“ரெண்டும் ரெண்டு லாட்டா இருக்கே. இது முதல் தரம். இது கழிவு.”

“தெரியும். நீங்க சொல்லித்தான் தெரியணுமாக்கும்.”

“இதுல என்ன பச்சை இது, நடுவுல? சாயம் முக்குன காய் மாதிரி.”

கிளிப்பச்சையைத்தான் சொல்கிறார். எனக்கு ஆத்திரமாக வந்தது. “பேசத்தான் லாயக்கு. போட்டு விடுங்களேன் பாப்போம்” என்றேன்.

“எனக்குச் சோலி இருக்கு.”

சாப்பிட்டார். கை கழுவினார். செருப்பை மாட்டினார். மாட்டிய செருப்போடு மறுபடி என் வலது கையைப் பார்த்தார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு வந்து தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, “அழி அத” என்றார்.

அழிப்பதற்கே அவர் என்னை விடவில்லை. பஞ்சை வாங்கி அவரே துடைத்தார். பிறகு ஒரு டிபன் பாக்ஸ் மூடியைக் கவிழ்த்து, கிளிப்பச்சையில் நாலு சொட்டு விட்டு, அதில் ஒரு சொட்டு மஞ்சளைக் கலந்து தீக்குச்சியால் குழப்பினார். எழுந்து வாசலுக்குப் போய் வெயிலில் பார்த்தார். திரும்பி வந்து இன்னும் அரைச் சொட்டு விட்டார். அரைச் சொட்டு எப்படி விடுவது என்று எனக்கு இன்றுவரை தெரியாது. நடுவில் ஸ்பான்ஜைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, “இது எங்கயோ பாத்த ஸ்பான்ஜா இருக்கே” என்றார்.

“மிக்ஸி வாங்குனப்ப வந்தது” என்றேன்.

“உம்.”

ஒவ்வொரு விரலாகப் பிடித்தார். காயில் காம்பு ஒட்டியிருந்தால் உடையாமல் கிள்ளி எடுக்கிற விரல்கள் அவை. அழுத்தவே இல்லை. ஒற்றிவிட்டுப் பொறுத்தார், ஊதினார், மறுபடி ஒற்றினார். எட்டு வருடத்தில் அவர் என் கையை இவ்வளவு நேரம் பிடித்துக்கொண்டு உட்கார்ந்ததில்லை. ஜுரம் வந்தபோதுகூடத் தொட்டுப் பார்த்துவிட்டு மாத்திரை வாங்கப் போய்விட்டார். எனக்கு என்னவோ போல் இருந்தது. ஏதாவது பேசினால் எழுந்துவிடுவார் என்று வாயைத் திறக்கவில்லை. அவர் நெற்றியில் வேர்வை கோடாக இறங்கி மூக்கு நுனியில் நின்றது. அதைத் துடைத்துவிடலாம் என்றால் கை அவரிடம் இருந்தது.

அப்போது பார்த்து, அடுத்த தெருவில் இருக்கிற என் அம்மா, தட்டுக்குப் பழம் எத்தனை வகை என்று கேட்க உள்ளே வந்துவிட்டாள். மருமகன் தரையில் உட்கார்ந்து மகளின் கையைப் பிடித்து ஊதிக்கொண்டிருக்கிறார். அம்மா வந்த வேகத்தில் திரும்பினாள். வாசலில் நின்று பலமாக இருமினாள். பிறகு தெருவுக்கே கேட்கிற குரலில், “கதவையாச்சும் சாத்திக்கிறக் கூடாதா ஆத்தா, பட்டப் பகல்ல!” என்றாள்.

என் வீட்டுக்காரர் காது சிவந்துவிட்டது. ஆனால் மோதிர விரல் பாதியில் இருந்தது. அதை முடிக்காமல் அவர் எழுந்திருக்கவில்லை.

முடிந்ததும் பார்த்தால், என் இடது கை வெட்கப்பட்டுப்போனது. அவர் போட்டதில் நிறம் பூசிய மாதிரியே இல்லை. நகமே அப்படி முளைத்தது போல இருந்தது. அம்மாவை உள்ளே கூப்பிட்டுக் காட்டினேன். அவள் கண்ணாடியைப் போட்டுப் பார்த்துவிட்டு, “ஏன்டி, நெகத்துல பாசி புடிச்சிருக்கு?” என்றாள். விளக்கிச் சொன்ன பிறகு, “நல்லாத்தான் இருக்கு” என்று ஒத்துக்கொண்டாள்.

இடது கையையும் அழித்து அவர் கையாலேயே போட்டுவிட்டுத்தான் வேலைக்குக் கிளம்பினார். வாசலில் ஹெல்மெட்டை மாட்டியவர் தலையை இப்படியும் அப்படியும் ஆட்டினார். ஹெல்மெட் தலையோடு திரும்பவில்லை. கழற்றி உள்ளே பார்த்தார். என்னைப் பார்த்தார்.

“மிக்ஸி?” என்றார்.

நான் அடுப்படிக்குள் போய்விட்டேன். அவர் அங்கிருந்தே, “இத நான் போட்டேன்னு யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாது, ஆமா” என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கு இரண்டு ஜீப்பில் கிளம்பினோம். பெண் வீடு போடிமெட்டுக்கு அந்தப் பக்கம், ஏலத்தோட்டத்துக்குள். பெண்ணின் அப்பா அங்கே காய் உலர்த்துகிற ஸ்டோரைப் பார்த்துக்கொள்கிறவர். ஸ்டோரை ஒட்டியே வீடு. வளைவுக்கு வளைவு எல்லோரும் கம்பியைப் பிடித்துக்கொண்டார்கள். நான் நகம் உரசிவிடும் என்று இரண்டு கையையும் மடியில் மல்லாத்தி வைத்திருந்தேன். அதனால் ஒவ்வொரு வளைவிலும் அம்மா மடியில் போய் விழுந்தேன். அடுத்த வளைவில் அம்மாவே பிடித்துத் தள்ளி நிமிர்த்தினாள். மெட்டு ஏறுவதற்குள் அம்மாவுக்குக் கை வலி வந்துவிட்டது.

பெண் வீட்டில் பனி இறங்கி, பந்தல் துணியெல்லாம் சொட்டிக்கொண்டிருந்தது. உள்ளே பெண்ணுக்கு அலங்காரம் நடந்துகொண்டிருந்தது. நான் போய் அவள் கையைப் பிடித்ததும் அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்தாள்.

“மதினி! இது எப்படி மதினி போட்டீங்க?”

பக்கத்தில் இருந்த அவளுடைய பெரியம்மா குனிந்து பார்த்தார். பல வருடமாக மலையில் மலையாளத்துக்காரர்களோடு காய் எடுக்கிறவர். “கொள்ளாமே! அசல் காய்க் கலராக்கும்” என்று மெச்சினார்.

“போடியில ஒரு பார்லர்” என்று சொன்னேன். கட்டிய புருஷனுக்குக் கொடுத்த வாக்கு.

“எந்தப் பார்லர்? நம்பர் குடுங்க மதினி. கல்யாணத்துக்கு அங்கதான் போடணும். இதப் பாருங்க, இவங்க போட்டு விட்டதை” என்று தன் கையைக் காட்டினாள். வெறும் சிவப்பு. அவள் பட்டும் பச்சை.

நான் நம்பரைத் தேடுவது போல் செல்போனை நோண்டினேன். அதற்குள் அம்மா, பெருமை பொங்க, “பார்லராவது ஒண்ணாவது! எங்க மருமகன் போட்டு விட்டது. ஒவ்வொரு வெரலாப் புடிச்சு, ஊதி ஊதி…” என்று அறை முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

எல்லோரும் என் கையைப் பார்த்தார்கள். பிறகு சிரிப்பு கூரையைத் தொட்டது. அடுத்த நிமிடம் பெண், “அந்த அண்ணனக் கூப்பிடுங்க” என்றாள்.

அவர் வெளியே ஆண்களோடு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, மழை பிந்தியதால் காய் எப்படி இருக்கும் என்று பேசிக்கொண்டிருந்தார். தம்பிதான் போய்க் கூப்பிட்டான். அவன் விவரம் சொன்னதும் அவர் முகம் போன போக்கைத் தம்பி பல நாள் நடித்துக் காட்டினான்.

“மாட்டேன் மாப்ளே. அத்தன பொம்பளைக நடுவுல…”

“மச்சான், அவ அழுதுருவா மச்சான். இன்னைக்கு அழுதா நல்லாவா இருக்கும்?”

இருந்தால் உதவும் என்று பாட்டில்களையும் ஸ்பான்ஜையும் நான் பையில் கொண்டுவந்திருந்தேன். அவர் உள்ளே வந்து தலையைக் குனிந்தபடி உட்கார்ந்தார். என்னை ஒரு பார்வை பார்த்தார். பெண் கையை நீட்டி, “போடுங்கண்ணே” என்றாள். அந்த ‘அண்ணே’யில் அவர் கொஞ்சம் இளகினார். வேலை ஆரம்பித்த பிறகு யார் சுற்றி நிற்கிறார்கள் என்பதே அவருக்கு மறந்துபோனது. பெண்ணுக்கு முடிந்ததும் பெரியம்மா கையை நீட்டினார். காயெடுத்துக் காயெடுத்துக் கறுத்துக் காய்ப்பேறிய கை. “எனக்கெல்லாம் எதுக்கு? ஒரு வெரலு மட்டும்” என்றவருக்கு ஐந்து விரலும் போட்டார். பிறகு பெண்ணின் தோழிகள் மூன்று பேர்.

மணி பதினொன்றே கால். பன்னிரண்டுக்கு எமகண்டம். அதற்குள் பூ வைத்து, மோதிரம் போட்டு, தட்டு மாற்றியாக வேண்டும். வெளியே பெரியவர்கள் குரல் கொடுக்க ஆரம்பித்தார்கள். ஆனால் அந்த ஈரக்காற்றில் நகம் காயவே இல்லை. ஊதினோம். விசிறினோம். தொட்டால் பிசுபிசுத்தது.

“ஸ்டோருக்குப் போவோம்” என்றாள் பெண்.

சொல்லிவிட்டுப் பட்டுப்புடவையைத் தூக்கிப் பிடிக்க முடியாமல், இரண்டு கையையும் முன்னால் நீட்டிக்கொண்டு, பின்வாசல் வழியாக ஓடினாள். பின்னாலேயே பெரியம்மாவும் தோழிகளும் நானும் என் வீட்டுக்காரரும். உலர்த்துகிற அறையில் காய் கிடந்தது. உள்ளே நல்ல சூடு. கதவைத் திறக்கப் போனபோது பெண்ணின் அப்பா எங்கிருந்தோ பாய்ந்து வந்து குறுக்கே நின்றார்.

“எங்க போற? உள்ள காய் கெடக்கு!”

“ரெண்டு நிமிஷம்ப்பா. நகம் காய வைக்கணும்.”

“இந்த வாடையோடவா? காய் பூராம் ஏறிரும். மொதலாளிகிட்ட நான் என்னன்னு சொல்ல?”

பெண் என் வீட்டுக்காரரைப் பார்த்தாள். “அண்ணே, நீங்க சொல்லுங்க.”

அவர் போட்ட நகம். அவருடைய முதல் வெளியூர் வேலை. ஆனால் அவர் மண்டியில் இருபது வருடம் காய் பார்த்தவர். ரொம்ப வருத்தத்தோடு, “அப்பா சொல்றது சரிதாம்மா. வாடை புடிச்சிரும். அந்தக் காய் எங்ககிட்ட வந்தா நானே கழிச்சிருவேன்” என்றார்.

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் மரியாதையோடு பார்த்துக்கொண்டார்கள். அந்த இடத்திலேயே சம்பந்தம் பேசி முடிந்தது போலத்தான். பெண்ணுக்குக் கண் கலங்கிவிட்டது. அதைப் பார்த்ததும் அப்பாவே, “பின்பக்கம் போங்க. செவரு சுடும்” என்றார்.

ஸ்டோரின் பின்சுவர் உள்சூட்டில் கதகதவென்று இருந்தது. பெண், பெரியம்மா, தோழிகள் என்று ஐந்து பேரும் வரிசையாக நின்று, சுவரை ஒட்டிக் கைகளைத் தூக்கிப் பிடித்தார்கள். போலீஸ் நிறுத்தி வைத்துச் சோதனை போடுகிற மாதிரி இருந்தது. என் வீட்டுக்காரர் பின்னால் கை கட்டி நடந்தபடி, “தொடாதீங்க… ஒரு சாண் தள்ளி… அந்தப் புள்ள, கைய எறக்காத” என்று சொல்லிக்கொண்டிருந்தார். பெண்ணைக் காணோம் என்று தேடி வந்த வீடியோக்காரர் அதை முழுசாக எடுத்துவிட்டார். நிச்சயதார்த்த வீடியோவில் எல்லோரும் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது அந்தப் பகுதியைத்தான். நான் சந்தனம் பூசுகிற இடத்தை ஓட்டிவிடுகிறார்கள்.

பன்னிரண்டு ஆவதற்குப் பத்து நிமிடம் இருக்கையில் எல்லாம் முடிந்தது. சூட்டில் பெண்ணின் ஒரு நகத்தில் பாலிஷ் சின்னக் கொப்புளமாக எழும்பியிருந்தது. மோதிரம் போடும்போது தம்பி பதற்றத்தில் அவள் நகத்தை அழுத்திப் பிடித்துவிட்டான். மேலே காய்ந்திருந்ததே தவிர அடியில் காயவில்லை. அவன் கட்டைவிரல் ரேகை அப்படியே பதிந்துவிட்டது.

“ஐயோ” என்றான். கையை எடுத்தால் இன்னும் கெட்டுவிடுமோ என்று எடுக்காமல் நின்றான்.

அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு, “விடுங்க” என்றாள். அந்த நகத்தை மட்டும் அழிக்காமல் ரொம்ப நாள் வைத்திருந்தாளாம். தம்பியே சொன்னான், சொல்லக் கூடாததைச் சொல்லிவிட்ட முகத்தோடு.

திங்கட்கிழமை என் வீட்டுக்காரர் மண்டிக்குப் போய் ஒரு மணி நேரத்தில் திரும்பி வந்துவிட்டார். விரல் இடுக்கில் இருந்த பச்சையை எடுக்க நான் கொடுத்த திரவம் போதாமல் மண்ணெண்ணெய் தேய்த்திருக்கிறார். அந்தக் கையோடு காயைத் தொடக் கூடாது என்று அனுப்பிவிட்டார்கள். “காரணம் கேட்டாங்களா?” என்றேன். “பெயிண்ட் அடிச்சேன்னு சொன்னேன்” என்றார். பொய்யில்லை. அன்று முழுக்க வீட்டில் இருந்தார். ஹெல்மெட்டுக்குப் பழைய தலையணையிலிருந்து ஸ்பான்ஜ் வைத்துத் தைத்துக் கொடுத்தேன்.

கல்யாணம் மூன்று மாதம் கழித்துப் போடியில். பெண் வீட்டிலிருந்து மண்டபம் எந்தத் தெரு என்று கேட்பதற்கு முன்பே “அண்ணே வந்துருவாங்கல்ல?” என்று கேட்டார்கள். அவர் தேனிக்குப் போய் அசல் மேக்கப் ஸ்பான்ஜ் ஒரு டப்பா வாங்கி வந்தார். யாரும் சொல்லாமலே வாங்கினார். முந்தின நாள் சாயங்காலம் மண்டபத்து மாடி அறையில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. பெண்ணுக்கு, பெரியம்மாவுக்கு, தோழிகளுக்கு, அவர்களைப் பார்த்து வந்தவர்களுக்கு. கடைசியில் என் அம்மாவும் போய் உட்கார்ந்தாள். “பாசிக் கலர் வேணாம் மாப்ளே, வேற ஏதாச்சும் போடுங்க” என்றாளாம்.

நான் பந்தி பார்த்தேன், தாம்பூலப் பை கட்டினேன், நடுநடுவே போய் எட்டிப் பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் வேறு யாருடைய கையாவது அவர் கையில் இருந்தது. “செத்த பொறு” என்றார். என் முறை வரவே இல்லை. காலையில் மூன்றாவது முடிச்சை நான் வெறும் நகத்தோடுதான் போட்டேன். வீடியோவில் நன்றாகத் தெரிகிறது.

வீட்டுக்கு வந்து மறுநாள் முழுக்க நான் அவரோடு பேசவில்லை. அதற்கும் அடுத்த நாள் மதியம், சாப்பிட்டுக் கை கழுவியவர், டப்பாவை எடுத்துக்கொண்டு வந்து தரையில் உட்கார்ந்தார்.

“கையக் கொண்டா” என்றார்.

எழுந்து போய் முதலில் கதவைச் சாத்திவிட்டு வந்தேன்.